மூலக்கதை: விசாலாக்ஷி

நாற்பது வயதுவரை விசாலாக்ஷிக்கு டைப்பிஸ்ட் என்றுதான் பெயர். மயிலாப்பூரில் கச்சேரி ரோடுக்குப் பின்னால் ஒரு சந்தில், மாடிப் போர்ஷனில் குடியிருந்தாள். பாண்டி பஜாரில் ஒரு ஜவுளி வியாபாரியின் ஆபீசில் வேலை. காலை பத்து மணிக்கு உட்கார்ந்தால் மாலை ஆறுவரை யாரோ யாருக்கோ எழுதும் கடிதங்களை அடித்துக்கொண்டிருப்பாள். மத்தியானம் மற்றவர்கள் டிபன் பாக்ஸைத் திறக்கும் நேரத்தில் அவளுடைய கோடு போட்ட நோட்டு வெளியே வரும். அதில் ரேடியோவுக்கு நாடகம் எழுதுவாள்.

புருஷன் பஞ்சாபகேசன் மின்சார வாரியத்தில் இருந்தார். குழந்தை இல்லை. அவள் எழுதுவதைப் பற்றி அவருக்கு ஒரே ஒரு அபிப்பிராயம்தான். "எழுதிக்கோ. சாதம் குழையாம இருந்தா சரி." பதினைந்து வருஷத்தில் இதற்கு மேல் அவர் ஒரு வரி சேர்த்ததில்லை, குறைத்ததும் இல்லை.

அவளுக்குப் பதினான்கு வயதாகும்போது அம்மா போய்விட்டாள். தங்கை சாருலதாவுக்கு அப்போது நாலு வயது. அப்பா பத்ரிநாராயணன் துறைமுக ஆபீசில் குமாஸ்தா. வீட்டுக்கு வந்தால் பேப்பரும் ரேடியோவும் உண்டு, பேச்சு கிடையாது. சாருவுக்குத் தலை பின்னியது, பள்ளிக்கூடத்துக்குக் கொண்டு விட்டது, வயதுக்கு வந்தபோது பக்கத்தில் உட்கார்ந்து சொல்ல வேண்டியதைச் சொன்னது எல்லாம் விசாலாக்ஷிதான். வாயால் அக்கா என்று கூப்பிட்டாலும் சாருவுக்கு அவள் அம்மா. பரீட்சையில் பக்கத்துப் பெண்ணைப் பார்த்து எழுதியதைச் சொன்னது அவளிடம்தான். பெண்பார்க்க வந்த சாய்நாத்தின் முகத்தைவிட அவனுடைய குரல் பிடித்துப்போனது என்று சொன்னதும் அவளிடம்தான்.

சாய்நாத் பாங்கில் ஆபீசர். நல்லவன். கல்யாணமாகி அவர்கள் பெசன்ட் நகரில் இரண்டாவது மாடியில் ஒரு ஃபிளாட்டுக்குப் போனார்கள். எண்பத்தெட்டாம் வருஷம் பெண் பிறந்தது. அனன்யா என்று பெயர் வைத்தார்கள். ஆறு மாதமாகியும் குழந்தைக்குக் கழுத்து நிற்கவில்லை. எட்டாவது மாதம் முதல் முறையாக வலிப்பு வந்தது. மூளை வளராது, நடக்காது, பேசாது, எத்தனை நாள் என்று சொல்ல முடியாது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

இரண்டு வருஷமும் நாலு மாதமும் அனு இருந்தாள். பாலாடையால் ஒவ்வொரு சொட்டாகப் பால் புகட்ட வேண்டும். அவசரப்பட்டால் புரை ஏறிவிடும். ஒரு வேளை புகட்டி முடிக்க ஒன்றேகால் மணி நேரம் ஆகும். முடித்து, துடைத்து, துணி மாற்றி நிமிர்ந்தால் அடுத்த வேளை வந்துவிடும். சாருவுக்கு உட்கார்ந்தபடியே கண்ணைத் திறந்துகொண்டு தூங்கும் பழக்கம் வந்தது. சாய்நாத் ஆபீசிலிருந்து வந்ததும் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு பால்கனியில் நிற்பான். கடல் காற்று பட்டால் அது ஒரு மாதிரி சத்தம் போடும். அதைச் சிரிப்பு என்று அவன் சொல்லுவான். தொண்ணூற்றொன்று தைமாதம், ஒரு மத்தியான வேளையில், பால் புகட்டி முடித்த கொஞ்ச நேரத்தில் குழந்தை அடங்கிவிட்டது.

அதற்கு ஒரு வருஷம் கழித்து அடையாறு பஸ் நிலையத்தில் அக்காவும் தங்கையும் மழைக்கு ஒதுங்கி நின்றுகொண்டிருந்தபோது சாரு அதைச் சொன்னாள். பஸ்ஸைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, அனு போன அன்னிக்கு எல்லாரும் என்னைத் தேத்திண்டிருந்தா இல்லையா. எல்லாரும் போனப்பறம் நான் படுத்துண்டேன். நன்னா தூங்கினேன். ரெண்டு வருஷத்துல அப்படித் தூங்கினதே இல்லை. கார்த்தால எழுந்தப்போ உடம்பு லேசா இருந்தது. அப்பறம்தான் ஞாபகம் வந்தது."

விசாலாக்ஷி தங்கையின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"இதை அவர்கிட்ட சொல்ல முடியுமா, சொல்லு" என்றாள் சாரு. "நீ யார்கிட்டயும் சொல்லிடாதே."

"நான் யார்கிட்டடி சொல்லப் போறேன்" என்றாள் விசாலாக்ஷி. சொன்னபோது மனசாரத்தான் சொன்னாள்.

அந்த நாட்களில் அவள் ரேடியோவைத் தாண்டி டெலிவிஷனுக்கு வந்திருந்தாள். அரசாங்க டெலிவிஷனில் முதலில் இரண்டு அரைமணி நாடகம், பிறகு பதின்மூன்று வாரத் தொடர் ஒன்று. அவளுடைய நாடகத்தில் குண்டடி கிடையாது, ஆக்ஸிடென்ட் கிடையாது. நாலு பேர் உட்கார்ந்து பேசுவார்கள். ஆனால் பஸ்ஸில், ரேஷன் கடையில், டாக்டர் வீட்டு வாசலில் ஜனங்கள் எப்படிப் பேசுவார்களோ அப்படியே பேசுவார்கள். விசாலாக்ஷிக்கு அப்படி ஒரு காது. ஒருதரம் கேட்டது போகாது.

பிறகு கேபிள் வந்தது. சந்துக்குச் சந்து மொட்டை மாடியிலிருந்து மொட்டை மாடிக்குக் கறுப்பு ஒயர் ஓடியது. புதுசு புதுசாகச் சானல்கள், அவற்றுக்கெல்லாம் கதை வேண்டியிருந்தது. தொண்ணூற்றைந்தில் அசோக் நகரில் ஆபீஸ் வைத்திருந்த நல்லசிவம் என்ற தயாரிப்பாளர் அவளைத் தேடிக்கொண்டு பாண்டி பஜாருக்கே வந்தார். மென்மையாகப் பேசுகிற மனுஷர். வாராவாரம் அரைமணி, ஐம்பத்திரண்டு வாரம், கதை வசனம் முழுக்க நீங்கதான் என்றார். 'ஏழாம் நம்பர் வீடு' என்று அவள் வைத்த பெயரையே வைத்துக்கொண்டார். அடுத்த மாதம் அவள் டைப்பிஸ்ட் வேலையை விட்டாள். பஞ்சாபகேசன் சாதத்தைப் பற்றிய அபிப்பிராயத்தை மறுபடி சொன்னார்.

ஏழாம் நம்பர் வீட்டில் மூன்று குடித்தனம். மாடியில் இருப்பவள் மைதிலி. ஊனமான குழந்தையைப் பறிகொடுத்தவள். இதை எழுதத் தொடங்கியபோதே சாருவின் ஞாபகம் விசாலாக்ஷிக்கு இல்லாமல் இல்லை. ஆனால் ஊரில் எத்தனை பேருக்கு அப்படிக் குழந்தை இல்லை என்று நினைத்துக்கொண்டாள். ஊரைக் கோயம்புத்தூராக்கினாள். புருஷனை லெக்சரராக்கினாள். குழந்தைக்கு மீனு என்று பெயர் வைத்தாள்.

இருபத்து மூன்றாவது வாரத்துக்கு மைதிலி கீழ்வீட்டுப் பெண்ணிடம் மனம்விட்டுப் பேசும் காட்சி ஒன்று. கே.கே. நகரில் ஒரு பங்களாவை வாடகைக்கு எடுத்து ஷூட்டிங் நடந்துகொண்டிருந்தது. காலை பதினோரு மணிக்கு டைரக்டர் சுப்புராயன் அங்கிருந்து போன் செய்தார்.

"மேடம், சீன் படிச்சேன். அழுதா, தேத்தினாங்கன்னு இருக்கு. இதுவரைக்கும் ஆறு வாட்டி அழுதாச்சு. வேற ஏதாவது வேணும். அவ மனசுக்குள்ள உண்மையிலே என்னதான் இருக்கு? ஆர்ட்டிஸ்ட் மேக்கப் போட்டுட்டு உட்கார்ந்திருக்காங்க."

விசாலாக்ஷி சாப்பாட்டு மேஜையில் கார்பனை வைத்து உட்கார்ந்தாள். அரைமணி நேரம் ஒன்றும் வரவில்லை. அப்புறம் வந்தது. எல்லாரும் என்னைத் தேத்திண்டிருந்தா. நான் படுத்துண்டேன். நன்னா தூங்கினேன். பேனா நிற்கவேயில்லை. உடம்பு லேசா இருந்தது என்பதும் வந்தது. அப்புறம்தான் ஞாபகம் வந்தது என்பதும் வந்தது. அதற்கு மேல் ஒரு சொல் தேவைப்படவில்லை. முடித்துவிட்டுப் படித்துப் பார்த்தாள். இத்தனை வருஷத்தில் அவள் எழுதியதிலேயே இதுதான் நல்ல காட்சி என்று அவளுக்குத் தெரிந்தது. இதைக் கிழித்துப் போட வேண்டும் என்பதும் தெரிந்தது.

காகிதத்தை வாங்கிப்போக ஆட்டோவில் ஆள் வந்து கீழே நின்றான். அவள் கவரில் போட்டுக் கொடுத்துவிட்டாள்.

புதன்கிழமை ஏழரை மணிக்கு அது ஒளிபரப்பானது. வெள்ளிக்கிழமை தொடங்கி நல்லசிவத்தின் ஆபீசுக்குக் கடிதம் வர ஆரம்பித்தது. மதுரையிலிருந்து ஒரு பெண், படுத்த படுக்கையாய்க் கிடந்த மாமியாரைப் பதினோரு வருஷம் பார்த்தவள், தானும் அப்படித்தான் தூங்கியதாக எழுதியிருந்தாள். ஒரு ரிடையர்டு ஹெட்மாஸ்டர், தாய்மையை இழிவுபடுத்திவிட்டீர்கள் என்று நாலு பக்கம் எழுதியிருந்தார். ஒரு வாரப் பத்திரிகை அரைப்பக்கம் புகழ்ந்து போட்டது. விசாலாக்ஷி எல்லாவற்றையும் இரண்டு தரம் படித்தாள். அவளுக்குச் சந்தோஷமாகவே இருந்தது. அதைப் பின்னால் அவள் என்றும் மறைத்ததில்லை. அந்த ஒன்பது நாளும் சந்தோஷமாக இருந்தது, சாருவிடமிருந்து மட்டும் போன் வரவில்லை.

வழக்கமாகப் புதன்கிழமை எட்டு மணிக்கு சாரு போன் செய்வாள். இந்த நடிகை புடவை நன்னா இருந்தது, அந்தக் கிழவர் ஓவரா பண்றார் என்று ஏதாவது சொல்வாள். பத்தாம் நாள் காலையில் விசாலாக்ஷி பஸ் ஏறி பெசன்ட் நகர் போனாள்.

சாரு கதவைத் திறந்தாள். "வா" என்றாள். உள்ளே போய்க் காப்பி கலந்து கொண்டுவந்தாள். வீட்டில் வேறு யாரும் இல்லை.

"உன் மாமியார் வந்திருக்கான்னியே?"

"நாக்பூருக்கே திரும்பிப் போயிட்டா. முந்தாநாள்."

காப்பி ஆறிக்கொண்டிருந்தது. விசாலாக்ஷி வரும் வழியெல்லாம் நாலைந்து விதமாகச் சொல்லிப் பார்த்துவைத்திருந்தாள்.

"அந்த நடிகை நன்னா சொன்னா" என்றாள் சாரு. "நான் உன்கிட்ட சொன்னப்போகூட இவ்வளவு நன்னா சொல்லலை."

"சாரு."

"நாங்க மூணு பேரும் உட்கார்ந்து பாத்துண்டிருந்தோம். அக்கா எழுதினதுன்னு அவர் வால்யூமை வேற ஏத்தினார். முடிஞ்சதும் மாமியார் கேட்டா, நம்மாத்துக் கதை மாதிரியே இருக்கே, இதெல்லாம் யார் சொல்லி உங்கக்காவுக்குத் தெரியும்னு. நான் ஒண்ணும் சொல்லலை. அவரும் சொல்லலை. எழுந்து பால்கனிக்குப் போயிட்டார்."

"அப்பறம் கேட்டாரா?"

"மறுநாள் கேட்டார். அது நீ சொன்னதான்னு. ஆமான்னேன்." சாரு டம்ளரை எடுத்து வைத்துவிட்டு வந்தாள். "சண்டை ஒண்ணும் போடலை. அவருக்குச் சண்டை போடத் தெரியாது. உனக்குத் தெரியுமே."

"நான் வேணும்னு பண்ணலைடி. அன்னிக்கு..."

"நீ பஸ் ஸ்டாண்டை மட்டும் மாத்திட்டே" என்றாள் சாரு. "மழையையும் எடுத்துட்டே. அதையும் வெச்சிருக்கலாம். நன்னா இருந்திருக்கும்."

அவள் கோபமாகப் பேசவில்லை. நிஜமாகவே காட்சியைப் பற்றி அபிப்பிராயம் சொல்லுவதுபோலச் சொன்னாள். விசாலாக்ஷிக்கு அதற்கப்புறம் அங்கே உட்கார முடியவில்லை.

தொண்ணூற்றாறு ஜூன் மாதம் சாய்நாத் போபாலுக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு போனான். ஆபீசில் போட்டார்கள் என்றுதான் சொல்லிக்கொண்டார்கள். அவனாகக் கேட்டு வாங்கிய மாற்றல் என்பது அவன் பாங்கில் வேலைபார்த்த ஒருவர் வாயால் பஞ்சாபகேசனுக்குத் தெரிந்தது. சாரு போகவில்லை. கொஞ்ச நாள் கழித்து பெசன்ட் நகர் வீட்டைக் காலி செய்துவிட்டு, அசோக் நகரில் வேலைக்குப் போகும் பெண்கள் தங்கும் விடுதியில் ஓர் அறை எடுத்துக்கொண்டாள். ஒரு டிராவல் ஏஜென்சியில் வேலை கிடைத்தது. "இங்கே வந்து இருடி" என்று விசாலாக்ஷி இரண்டு தரம் சொன்னாள். இரண்டு தரமும் சாரு, "அங்கேர்ந்து ஆபீஸ் தூரம்" என்றாள்.

விசாலாக்ஷி மைதிலியைத் தொடரிலிருந்து வெளியே அனுப்பிவிடப் பார்த்தாள். தம்பி இருக்கும் சிங்கப்பூருக்குப் போய்விடுகிறாள் என்று ஒரு கதை எழுதிக்கொண்டு போனாள். நல்லசிவம் படித்துவிட்டுக் காகிதத்தை மெதுவாக அவள் பக்கம் தள்ளினார்.

"மேடம், ஜனங்க பாக்கறதே அவளைத்தான். அவளை ஏத்தி அனுப்பிட்டு நான் யாரைக் காட்டறது?"

ஐம்பத்திரண்டு வாரம் நூற்றுநாலு வாரமாயிற்று. விசாலாக்ஷி மைதிலியைச் சமையலறையிலும் துணி காயப்போடும் மாடியிலும் நிறுத்திவைத்து, அவளைப் பற்றி எதுவும் தெரியாதவள்போல எழுதிக்கொண்டு வந்தாள். காட்சிகள் வறண்டன. டைரக்டர் சுப்புராயனுக்கு அது புரிந்தது. தொண்ணூற்றெட்டில் சானல்காரர்கள் தொடரை வாரத்துக்கு ஐந்து நாள் என்று மாற்றச் சொன்னார்கள். ஒருத்தரால் எழுத முடியாது, மூன்று பேர் குழுவாக உட்காரட்டும், நீங்கள் மேற்பார்வை பாருங்கள் என்றார் நல்லசிவம். மூன்று பேரும் முப்பது வயதுக்குட்பட்டவர்கள், மரியாதையான பிள்ளைகள். அவள் வந்தால் எழுந்து நிற்பார்கள். அவள் சொன்னதைக் குறித்துக்கொள்வார்கள். எழுதுவது வேறாக இருக்கும். மூன்று மாதத்தில் மேற்பார்வைக்குக் கூப்பிடுவதும் நின்றுபோனது.

அவள் வீட்டில் உட்கார்ந்து, மற்றவர்களைப் போல டெலிவிஷனில்தான் தன் கதையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அப்படித்தான் அதையும் பார்த்தாள். கீழ்வீட்டுப் பெண்ணுக்குப் பிறந்த குழந்தையை மைதிலி வெறித்துப் பார்க்கிறாள். பின்னணியில் ஒரு மாதிரி இசை. மறுநாள், மைதிலியின் பழைய வேலைக்காரி ஒருத்தி ஊரிலிருந்து வருகிறாள். அதற்கு மறுநாள் அந்த வேலைக்காரி சொல்கிறாள்: குழந்தை தானாகச் சாகவில்லை. அன்றைக்குப் பாலில் அம்மா என்னவோ கலந்தாள். இல்லாவிட்டால் பெற்ற பிள்ளை செத்த அன்று எவளாவது நிம்மதியாகத் தூங்குவாளா?

இருபத்து மூன்றாவது வாரத்துக் காட்சியை, நன்றாகத் தூங்கினேன் என்று மைதிலி சொல்லும் அந்த முகத்தை, வெட்டி எடுத்து நடுவில் சேர்த்திருந்தார்கள்.

பஞ்சாபகேசன் பேப்பரை மடித்தார். "இது நீ எழுதினதா?" என்று கேட்டார். அவள் எழுதுவதைப் பற்றி அவர் கேட்ட முதல் கேள்வி அது.

மறுநாள் காலையில் பாத்திரம் தேய்க்க வந்த சொர்ணமும் அதையேதான் கேட்டாள். அவள் பட்டினப்பாக்கத்திலிருந்து வருகிறவள். அவர்கள் குப்பத்தில் ஏழெட்டு வீட்டுக்கு ஒரு டிவி.

"இன்னாமா இப்டி பண்ட்ட? அந்தப் பொண்ணு மேல எங்களுக்கெல்லாம் எம்மாம் பாசம் தெரியுமா. நேத்து பாத்துக்கினு இருந்த பொம்பளைங்க அத்தினி பேரும் அவள காறித் துப்பிட்டாளுங்க. எனக்கே வயிறு எரிஞ்சிது. பெத்த கொழந்திய கொல்லுவாளாமா ஒருத்தி?"

"நான் எழுதலை சொர்ணம். இப்போ வேற ஆள் எழுதறா."

"உம் பேருதான கீது. என் பொண்ணு பொன்மணி படிச்சிச் சொல்லிச்சே."

அதுதான் விஷயம். வசனம் என்று மூன்று பேர் பெயர் ஓடும். அதற்கு மேலே, பெரிய எழுத்தில், மூலக்கதை: விசாலாக்ஷி என்று வரும். ஒப்பந்தத்தில் அவளே கேட்டு எழுதிவாங்கிய வரி அது.

அன்றைக்கே அவள் அசோக் நகர் போனாள். நல்லசிவம் எழுந்து நின்று வரவேற்றார். மோர் வரவழைத்தார்.

"அவ கொலை பண்ணலை சார்" என்றாள் விசாலாக்ஷி.

"யாரு மேடம்?"

"மைதிலி."

நல்லசிவம் மோர் டம்ளரைக் கீழே வைத்தார். அவருக்கு என்ன தோன்றியதோ, குரலைத் தாழ்த்திக்கொண்டார். "மேடம், உங்களுக்கு உடம்பு ஏதாவது சரியில்லையா? மைதிலின்னு யாரும் கிடையாதே."

இருக்கிறாள் என்று சொல்ல அவளுக்கு வாய்வரை வந்தது. இங்கிருந்து நாலு தெரு தள்ளி, லேடீஸ் ஹாஸ்டலில், இரண்டாவது மாடியில் இருக்கிறாள் என்று சொன்னால் போதும். ஆனால் அது இன்னொரு தரம் அதே காரியத்தைச் செய்வதாகும். அவள் சொல்லவில்லை.

"இந்த மாதிரி போகவேண்டாம். மாத்தச் சொல்லுங்கோ. என்ன செஞ்சு தரணும்னாலும் எழுதித் தரேன்."

"நீங்க பெத்த பொண்ணுதான் மேடம், நான் இல்லேங்கலை. ஆனா கட்டிக் குடுத்தாச்சு. கட்டிக் குடுத்த வீட்டுக்கு வந்து இன்னிக்கு என்ன சமைக்கணும்னு சொன்னா நல்லாவா இருக்கும்? ஊரே பேசுது. இந்த வாரம்தான் நாம முதல் இடத்துக்கு வந்திருக்கோம்."

"அப்போ என் பேரை எடுத்துடுங்கோ."

"பேரைப் போடலைன்னு சண்டைக்கு வர்ற எழுத்தாளரைத்தான் பாத்திருக்கேன்" என்றார் நல்லசிவம், வருத்தமாகவே. சானலுக்குப் போன காகிதத்தில் எல்லாம் அந்தப் பெயர்தான் இருக்கிறது, இப்போது தொட்டால் ஆயிரம் கேள்வி வரும் என்று விளக்கினார். வாசல்வரை வந்து ஆட்டோ பிடித்துக் கொடுத்தார்.

அவள் போபாலுக்கு ஒரு கடிதம் எழுதினாள். இப்போது வருவது எதையும் நான் எழுதவில்லை, நீங்கள் பார்த்திருந்தால் தயவுசெய்து நம்பவேண்டாம், முன்னால் எழுதிய அந்த ஒன்று என்னுடைய தப்புதான், அதில் சாருவுக்குப் பங்கில்லை, அவள் இரண்டு வருஷம் சரியாகத் தூங்காத உடம்பு என்று ஆறு பக்கம் எழுதினாள். மூன்று வாரம் கழித்து இன்லண்டு லெட்டரில் சாய்நாத்தின் பதில் வந்தது. சின்னக் கையெழுத்து. பாதிப் பக்கம்கூட இல்லை.

'அக்காவுக்கு நமஸ்காரம். இங்கே தமிழ்ச் சானல் வருவதில்லை, நான் எதையும் பார்க்கவில்லை. நாக்பூரில் வருகிறதாம், அம்மா பார்த்துவிட்டுப் போனில் சொன்னாள். அன்று அவள் தூங்கியது எனக்குத் தெரியும். பக்கத்தில்தானே படுத்திருந்தேன். விடியும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன். பாவம், தூங்கட்டும் என்று நினைத்தேன். எனக்குத் தெரியும் என்பது அவளுக்குத் தெரியவேண்டாம் என்று ஐந்து வருஷம் நானும் அதைப் பேசவில்லை. அந்தப் பேசாததில்தான் நாங்கள் குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தோம். எல்லார் வீட்டு ஹாலிலும் அதைச் சொல்லிவிட்ட பிறகு எங்கள் வீட்டில் எதைப் பேசாமல் இருப்பது என்று எனக்குத் தெரியவில்லை. உங்கள்மேல் எனக்குக் கோபம் இல்லை. சாருவைப் பார்த்துக்கொள்ளுங்கள்.'

கடிதத்தைத் தங்கையிடம் காட்டவேண்டும் என்று முதலில் தோன்றியது. இது தெரிந்தால் சாருவுக்கு ஒருவேளை மனசு ஆறும், அவள் போபாலுக்கே கிளம்பிவிடக்கூடும் என்று நினைத்தாள். பிறகு, தனக்கென்று ஒருவர் எழுதியதை எடுத்து இன்னொருவரிடம் கொடுக்க அவளுக்கு என்ன அதிகாரம் என்று தோன்றியது. கடிதத்தைப் புடவை அலமாரியில் வைத்தாள். நாலு நாள் அதே யோசனை. ஐந்தாம் நாள் எடுத்துக்கொண்டு ஹாஸ்டலுக்குப் போனாள்.

ஞாயிற்றுக்கிழமை. பார்வையாளர் அறையில் பிளாஸ்டிக் நாற்காலிகள், மூலையில் ஒரு டிவி, ஓடவில்லை. சாரு தலைக்குக் குளித்துவிட்டு ஈரத் துண்டோடு இறங்கி வந்தாள். மெலிந்திருந்தாள். காதோரம் நன்றாகவே நரைத்திருந்தது. கடிதத்தை வாங்கி, நின்றபடியே படித்தாள். இரண்டாவது தரம் படிக்கவில்லை. மடித்தாள்.

"இதை நான் வெச்சுக்கவா?"

"உன்னோடதுதான்டி."

"இல்லே, உனக்குன்னா எழுதியிருக்கார்." சாரு கடிதத்தை இன்னொரு மடிப்பு மடித்தாள். "இதை அவர் என்கிட்ட சொல்லியிருக்கலாம். நானும் அவர்கிட்ட சொல்லியிருக்கலாம். ரெண்டு பேரும் உன்கிட்டன்னா சொல்லியிருக்கோம்."

"எழுதுடி அவருக்கு. ஒரு வரி போடு."

"பாக்கறேன்."

"சாரு, இப்போ வர்றதெல்லாம் நான் எழுதலை. ஆபீசுக்குப் போய்ச் சொன்னேன். கேக்கலை."

"தெரியும். நீ எழுதற மாதிரி இல்லையே." சாரு துண்டைப் பிரித்து முடியைத் துவட்டினாள். "எங்க ஆபீஸ்ல லஞ்ச் டைம்ல அதைப் பத்தித்தான் பேச்சு. ஆறு பொம்மனாட்டிகள். அவ பேயி, அவளைத் தூக்குல போடணும்னு திட்டறா. என்ன சாருலதா நீங்க ஒண்ணும் சொல்லலையேன்னா."

"நீ என்ன சொன்னே?"

"நானும் திட்டறேன்" என்றாள் சாரு. "தினம் திட்டறேன். இல்லேன்னா ஏன்னு கேப்பா."

விசாலாக்ஷிக்கு அழுகை வந்தது. சாரு பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தாள். தேற்றவில்லை, எழுந்தும் போகவில்லை. சாப்பாட்டு மணி அடித்ததும், "இன்னிக்கு லேட்டா போனா ரசம் இருக்காது" என்று சொல்லிவிட்டு மாடிக்குப் போனாள்.

தொடர் இன்னும் பதினான்கு மாதம் ஓடியது. மைதிலியை ஜெயிலுக்கு அனுப்பினார்கள், தப்பிக்க வைத்தார்கள், முகத்தில் தழும்பு வைத்தார்கள், கடைசியில் ஒரு கிணற்றில் தள்ளி முடித்தார்கள். ஒவ்வொரு நாளும் மூலக்கதை: விசாலாக்ஷி என்று ஓடிய பிறகுதான் அதெல்லாம் நடந்தது. வேறு கம்பெனிகளிலிருந்து அவளைத் தேடி வந்தார்கள். அந்த மாதிரி ஒரு பொம்பளை கேரக்டர் எங்களுக்கும் வேணும் மேடம் என்றார்கள். அவள் எல்லாரையும் திருப்பி அனுப்பினாள். பஞ்சாபகேசன் ரிடையரான பிறகு, தி. நகரில் ஒரு டப்பிங் ஸ்டூடியோவில் அவளுக்கு வேலை கிடைத்தது. வடக்கே எடுத்த இந்தித் தொடர்களுக்குத் தமிழ் வசனம் எழுத வேண்டும். திரையில் அவர்கள் வாய் எத்தனை தரம் அசைகிறதோ அத்தனை எழுத்துக்குள் சொல்லவேண்டும். கதையும் ஆட்களும் யாரோ உண்டாக்கியது. அதில் அவள் காது கேட்டது எதையும் வைக்க இடமில்லை. அந்த வேலையை அவள் நன்றாகவே செய்தாள். அவள் பெயர் போடமாட்டார்கள். போடவும் அவள் கேட்கவில்லை.

சாரு போபாலுக்கு எழுதினாளா, பதில் வந்ததா என்பது விசாலாக்ஷிக்குத் தெரியாது. மாதத்தில் ஒரு ஞாயிறு சாரு மயிலாப்பூர் வருவாள். வாழைப்பூ ஆய்ந்து கொடுப்பாள். தண்ணி லாரி வருகிறதா, அத்திம்பேருக்குச் சர்க்கரை எப்படி, ஹாஸ்டலில் புதிதாக வந்த வார்டன் எப்படி என்று பேச்சு போகும். தொண்ணூற்றொன்பது ஆடியில் சாருவுக்குக் கர்ப்பப்பையை எடுக்கும் ஆபரேஷன் நடந்து, பத்து நாள் ஆஸ்பத்திரியில் இருந்து, திரும்பியும் வந்துவிட்டாள். ஹாஸ்டலுக்குப் போன் செய்தபோது வார்டன் சொல்லித்தான் விசாலாக்ஷிக்குத் தெரிந்தது.

அடுத்த ஞாயிறு சாரு வந்தபோது, "ஏண்டி சொல்லலை?" என்று கேட்டாள்.

"சொல்றதுக்கு என்னக்கா இருக்கு" என்றாள் சாரு. "எல்லாருக்கும் பண்றதுதான்."

முறத்தைப் பக்கத்தில் இழுத்துக்கொண்டு பூவை ஆய ஆரம்பித்தாள். விசாலாக்ஷி எதிரே உட்கார்ந்தாள். வேறு ஏதாவது சொல்லுவாளா என்று கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு அவளும் ஒரு மடலை எடுத்துப் பிரித்தாள்.